சாணுக்குக் கீழே இரும்பு

மண் மாதிரி எடுப்பது எப்படி என்று விவசாயிகளுக்குக் கொடுப்பதற்காக எங்கள் அலுவலகத்தில் ஒரு துண்டுப் பிரசுரம் இருந்தது. பச்சைக் காகிதம், இரண்டு பக்கம். அதை எழுதியவன் நான். என் பெயர் அதில் இல்லை. அலுவலகக் காகிதங்களில் எழுதியவன் பெயர் வருவதில்லை. பிழை கண்டுபிடித்தால் மட்டும் தேடிப் பிடித்துச் சேர்ப்பார்கள். வரப்போரம் எடுக்கக் கூடாது, எருக்குழிக்குப் பக்கத்தில் எடுக்கக் கூடாது, மர நிழலில் எடுக்கக் கூடாது, ஈரமாகப் பையில் போடக் கூடாது, பேனாவால் சீட்டு எழுதக் கூடாது, பென்சிலால்தான் எழுத வேண்டும். இத்தனை கூடாதுகளும் என்னுடையவை.

அதன் கடைசிப் பத்தி பழமரம் வைப்பவர்களுக்கு. மூன்று அடி ஆழத்துக்குக் குழி தோண்டி, ஒவ்வோர் அடி மண்ணையும் தனித்தனிப் பையில் எடுத்து வர வேண்டும். மேல் மண்ணை மட்டும் பார்த்து மரம் வைக்கக் கூடாது. இரண்டாவது வாக்கியத்தை இடம் போதவில்லை என்று மேலதிகாரி அடித்துவிட்டார். நான் அவர் அறைக்குப் போய் அரை மணி நேரம் வாதாடி அதைத் திரும்பச் சேர்த்தேன். முப்பத்திரண்டு வருட உத்தியோகத்தில் நான் ஜெயித்த வழக்குகளில் அது ஒன்று. மற்றவை நினைவில் இல்லை.

என் சொந்த நிலத்தில் மரம் வைக்க முடிவு செய்தபோது நான் மேல் மண்ணை மட்டும் பார்த்தேன்.

ஓய்வு பெற்று, நகரத்தில் கணபதி என்கிற பட்டறைப் பகுதியில் வீட்டோடு இருந்தேன். ஒரு பக்கத்துச் சுவருக்கு அந்தப்புறம் லேத் பட்டறை, மறுபக்கம் கிரைண்டருக்குக் கல் கொத்துகிற இடம். காலை ஒன்பது மணிக்கு இரண்டும் ஆரம்பித்தால் மனைவியும் நானும் பேசுவதை நிறுத்திவிடுவோம். உத்தியோகத்தின் கடைசி வருடங்களில் துணிப்பையோடு வருகிறவர்கள் எல்லாரும் ஒரே கேள்வியைக் கேட்டார்கள். "ஏனுங்க சார், பட்டர் ஃப்ரூட் வருமுங்களா?" பழமுதிர் நிலையத்தில் காகிதம் சுற்றி வைத்திருக்கும் அவகாடோவைத்தான் கேட்கிறார்கள். பெரும்பாலானவர்களுக்கு வராது என்று எழுதிக் கொடுத்தேன். கரிசலில் வராது, தண்ணீர் தேங்கினால் வேர் அழுகும். சுண்ணாம்பு மண்ணில் வராது, இலை வெளுத்துப்போகும். உப்புத் தண்ணீரில் வராது, இலை நுனி கருகும். அவ்வளவு செல்லம் கொடுக்க வேண்டிய மரம் அது. இத்தனை பேருடைய மண்ணுக்கு 'வராது' எழுதிய கைக்கு, ஒரு மண்ணுக்காவது 'வரும்' என்று எழுதிப் பார்க்க ஆசை வந்தது. அந்த மண் எங்கே இருக்கிறது என்றும் எனக்குத் தெரியும். அப்பாவின் மேற்குக் காட்டில் இருந்தது.

மானாவாரி நிலத்தை எங்கள் பக்கம் காடு என்போம். யானை வருகிற காடு அல்ல. ஆனால் மலை பக்கம் என்பதால் சில வருடம் அதுவும் வரும். உக்கடத்தில் பஸ் ஏறினால் முக்கால் மணி நேரம். அப்பா தாராபுரம் பக்கமிருந்து பிழைக்க வந்து, பிறர் தோட்டங்களில் கூலிக்கு இருந்து, ஐம்பது வயதுக்கு மேல் இரண்டு ஏக்கர் வாங்கினார். கிழக்கே கிணற்றோடு ஓர் ஏக்கர் கரிசல். மேற்கே ஓர் ஏக்கர் செம்மண். அந்தச் செம்மண்ணைப் போல இன்னொன்றை நான் அலுவலகத்திலும் பார்த்ததில்லை. கையில் பிடித்து அமுக்கினால் உருண்டையாகும், தட்டினால் உதிரும். எத்தனை மழை பெய்தாலும் மறுநாள் செருப்போடு நடக்கலாம்.

நான் மிஷன் விடுதியில் தங்கிப் படித்தேன். தம்பி படிக்கவில்லை என்று சொன்னால் அவன் சம்மதிக்க மாட்டான். படிக்க வைக்கவில்லை என்பான். இரண்டு பேருக்குக் கட்ட முடியாது, பெரியவன் படிக்கட்டும், சின்னவன் கூட இருக்கட்டும் என்று வீட்டில் முடிவானது. நான் விடுமுறைக்கு ஊருக்குப் போனவன், அவன் ஊரில் இருந்தவன். அப்பா பேசுகிறவர் இல்லை. பேசியது எல்லாம் வேலைக்கு நடுவே, அவனிடம்தான்.

அப்பா இறந்தபோதும் அப்படித்தான். அலுவலக வேலையாகத் தர்மபுரிப் பக்கம் முகாமில் இருந்தேன். நான் வந்து சேர்வதற்குள் சவப்பெட்டியில் வைத்துவிட்டார்கள். தம்பி என்னைத் தனியாகக் கூட்டிக்கொண்டு போய்ச் சொன்னான்.

"கடைசியா உங்களைத்தானுங்ணா கேட்டாரு. போன் பண்ணட்டுங்ளான்னேன். வேண்டாம், பெரியவன் நாலு பேருக்கு ஒபயோகமான வேலையில இருக்கான், தொந்தரவு பண்ணாதேன்னாரு."

அப்பா என் வேலையைப் பற்றி என்னிடம் ஒரு வார்த்தை சொன்னதில்லை. அந்த ஒரு வாக்கியம்தான் எனக்குக் கிடைத்தது. எட்டு வருடம் அதைச் சட்டைப்பையில் வைத்த மாதிரி வைத்திருந்தேன்.

பாகம் பிரிக்காமல் தம்பியே இரண்டு காட்டிலும் வெள்ளாமை செய்துகொண்டிருந்தான். ஓய்வு பெற்ற நான்காவது மாதம் மனைவியோடு அவன் வீட்டுக்குப் போனேன். புதிதாகக் கட்டியிருந்தான். தரை மட்டத்திலிருந்து நாலு படி ஏற வேண்டும். மனைவிக்கு முழங்கால் வலி. ஒவ்வொரு படியிலும் நின்று ஏறினாள்.

"என்னத்துக்குத் தம்பி இத்தனை ஒசரம்?" என்று கேட்டாள்.

"மழைத்தண்ணி உள்ள வரக்கூடாதுங்களே அண்ணி. அதான் ஒசத்திப்போட்டேன்."

விஷயத்தைச் சொன்னேன். தம்பி சிரித்தான்.

"அந்த வெண்ணெப் பழமுங்களா? சக்கரை போட்டு மிக்ஸியில அடிச்சாத்தானுங்ணா தொண்டையில எறங்குது. சும்மா தின்னா சோப்புத் தின்னாப்புல இருக்குது."

"நீ தின்னவே வேண்டாம். எனக்கு எந்தக் காடு?"

"உங்க மரத்துக்கு மேக்காட்டு செவலைதானுங்ளே ஏத்தது. நீங்க அதை எடுத்துக்கோங்க. எனக்குக் கரிசல் போதும். தண்ணிக்குக் கெணத்துல இருந்து பைப் போட்டுக்கலாங்."

இவ்வளவு சுலபமாக முடியும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. கிணறு கரிசலில் இருக்கிறது என்பதற்காக அவன் அதை எடுத்துக்கொள்கிறான், நியாயம்தான் என்று நினைத்தேன். "சரி, பத்திரத்துக்கு முன்னால ஒரு மூணு அடிக் குழி போட்டுப் பாத்துக்கறேன்" என்றேன். வழக்கப்படி சொன்னேன்; எதையும் சந்தேகப்பட்டுச் சொல்லவில்லை.

தம்பி தலையைச் சொறிந்தான். "அது இப்ப வேண்டாங்ணா."

"ஏன்?"

"அப்பா சொல்லுவாருங்ளே, உங்களுக்குத் தெரியாதுங்களா? பாகம் ஆகாத காட்டுல சாணுக்குக் கீழ இரும்பு எறங்கக் கூடாதுங்ணா. ஏர் ஓட்டலாம், களை வெட்டலாம். அது சாணுக்கு மேலதான. கடப்பாரை போடறது, குழி வெட்டறது எல்லாம் பத்திரம் ஆன பொறகுதானுங்க. அண்ணன் தம்பிக்குள்ள ஆகாம போயிருமுங்க."

தம்பியின் மனைவி பலகாரத் தட்டோடு வந்தவள் நின்றாள். அவனைப் பார்த்தாள். பிறகு தட்டை வைத்துவிட்டு, அடுப்பில் பால் இருப்பதாகச் சொல்லி உள்ளே போய்விட்டாள். பால் காய்ச்சிக் காப்பி குடித்து முடித்திருந்தோம்.

நான் ஏன் நம்பினேன் என்று பலமுறை யோசித்திருக்கிறேன். தோண்டக் கூடாது என்று மட்டும் அவன் சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன். அந்த விதிக்கு ஓர் அளவு இருந்தது, சாண். ஒரு பொருள் இருந்தது, இரும்பு. உழவுக்கும் களைக்கும் விலக்கு இருந்தது. எதுவரை செல்லும் என்பதற்குக் காலவரையறை இருந்தது, பத்திரம். அளவும் விலக்கும் காலவரையறையும் உள்ள விதியை என் போன்றவன் எப்படிச் சந்தேகிப்பான்? என் உத்தியோகத்தில் நான் கையாண்ட அரசாணைகள் பலவற்றைவிட அது ஒழுங்காக வரையப்பட்டிருந்தது. அதற்கு மேல் அது அப்பா சொன்னது. அப்பா என்ன சொன்னார், என்ன சொல்லவில்லை என்று தம்பியிடம் வாதாட எனக்கு எந்த ஆவணமும் இல்லை.

திரும்பும்போது பஸ்ஸில் மனைவி கேட்டாள், "ஏனுங்க, உங்க அப்பா அப்படி எதாச்சும் சொல்லிக் கேட்டிருக்கீங்களா?"

"நான் எங்கே அவர்கூட இருந்தேன்?"

அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஆகவே விதிப்படி நடந்தேன். அடுத்த வாரம் மேற்குக் காட்டுக்குப் போய், சோளத்தட்டை நின்ற நிலத்தில் குறுக்கும் நெடுக்குமாகப் பதினைந்து இடத்தில், ஒரு சாணுக்கு மேல் போகாமல், மண் எடுத்தேன். ஒரு மூலையில் சோளம் குட்டையாக, வெளிறி நின்றது. மழை குறைவு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பதினைந்தையும் சாக்கில் கொட்டிக் கலந்து, நாலாகப் பிரித்து எதிரெதிர் பாகத்தைத் தள்ளி, மறுபடி கலந்து மறுபடி பிரித்து, அரைக் கிலோ வந்ததும் நிழலில் உலர்த்தி, துணிப்பையில் போட்டு, பென்சிலால் சீட்டு எழுதினேன். பாக்கெட்டில் இருந்த சின்ன மருந்து பாட்டிலிலிருந்து நீர்த்த அமிலம் ஒரு சொட்டு விட்டேன். சுண்ணாம்பு இருந்தால் பொங்கும். பொங்கவில்லை.

பழைய அலுவலகத்துக்கே எடுத்துப் போனேன். எனக்குக் கீழே வேலை பார்த்த பெண்தான் இப்போது அந்த மேஜையில் இருக்கிறாள்.

"வாங்க சார். உங்க மண்ணா? நீங்களே சிபாரிசும் எழுதிக்கலாமே, நான் கையெழுத்து மட்டும் போடறேன்" என்று சிரித்தாள். பிறகு பையைப் பார்த்தாள். "ஒரு பைதானுங்களா? மரத்துக்குன்னா மூணு பை வரணுமே சார். நோட்டீசுலயே இருக்குதே."

"பாகம் ஆகலை. ஆகற வரைக்கும் தோண்டக் கூடாதாம்."

"அப்படி ஒரு ரூல் நம்ம நோட்டீசுல இல்லீங்களே."

"எல்லா ரூலும் நோட்டீசுல இருக்காதும்மா" என்றேன். பெருமையாகவே சொன்னேன். அவளுக்குத் தெரியாத ஒரு விதி எனக்குத் தெரிந்திருந்தது.

முடிவு வந்தது. கார அமிலத் தன்மை நடுநிலை, உப்பு இல்லை, சுண்ணாம்பு இல்லை. சிபாரிசு என்ற கட்டத்தில் நானே சொல்ல அவள் எழுதினாள்: அவகாடோ சாகுபடிக்கு ஏற்றது. வீட்டுக்கு வந்து மனைவியிடம் காட்டினேன். ஒரு வாரம் மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வைத்திருந்தேன்.

பத்திரம் பதிவானது. பதிவு அலுவலகத்தில் தம்பி எனக்கு முன்னால் ஓடி ஓடி நாற்காலி போட்டான், தண்ணீர் பாட்டில் வாங்கி வந்தான். நிலத்தை நேரில் பார்வையிட்டுத் திருப்தி அடைந்து என்று பத்திரத்தில் ஒரு வரி இருந்தது. எல்லாப் பத்திரத்திலும் இருக்கும். படித்துத்தான் கையெழுத்துப் போட்டேன்.

மலைக்குப் போய் ஒரு நாற்றுப்பண்ணையில் முப்பது ஒட்டுக்கன்றுகளைப் பொறுக்கி எடுத்தேன். ஒட்டுக்கட்டு ஆறியிருக்கிறதா, வேர் பையின் அடியில் சுருண்டிருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்த்ததில் பண்ணைக்காரர் பொறுமை இழந்து டீ குடிக்கப் போய்விட்டார். கன்றுகள் கணபதி வீட்டு முன்வாசலில் பட்டறைத் தூசியில் காத்திருக்க, குழி வெட்டப் பொக்லைன் சொல்லி அனுப்பினேன். மூன்று அடி நீளம், மூன்று அடி அகலம், மூன்று அடி ஆழம். மேல் மண்ணை ஒரு பக்கமும் அடி மண்ணை இன்னொரு பக்கமும் போட வேண்டும். தண்ணீர் ஊற்றி எத்தனை நேரத்தில் வடிகிறது என்று பார்க்க வேண்டும். ஒரு வாரம் வெயிலில் காயவிட்டு, மக்கிய எரு கலந்து மூட வேண்டும். எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு போயிருந்தேன்.

பொக்லைன் ஓட்டுகிறவர் அந்த வட்டாரத்து ஆள். இறங்கி வந்து காட்டைப் பார்த்தார்.

"ஏனுங்கய்யா, இங்கயா தோண்டோணும்?"

"ஆமாப்பா. மூணு அடி."

"ஒரு அடிக்கு மேல போனா கல்லும் கட்டியுந்தானுங்க வரும். நாந்தானுங்ளே நெரப்புனேன்."

"நீ வேற காட்டைச் சொல்றே."

"இல்லீங்கய்யா. அந்த வேப்பமரத்துலதான் சோத்துப் போசியத் தொங்க விட்டுட்டு ஒம்பது நாள் ஓட்டுனேன். மேல் மண்ணை ஒரு அடி வழிச்சு ஓரமாக் குமிச்சோமுங்க. கீழ இருந்த செவலையப் பூரா அள்ளுனோம். அப்பறம் இடிச்ச கட்டடத்துக் கழிவு, ரோட்டு வேலையில தோண்டுன வெள்ளை மண்ணு எல்லாத்தையும் கொட்டி நெரப்பி, மேல் மண்ணைத் திருப்பிப் பரப்பி உட்டோம். லெவல் எப்புடி இருக்குது பாருங்க. ஒரு மேடு பள்ளம் சொல்ல முடியுமா?"

தன் வேலையை நான் பாராட்ட வேண்டும் என்று நின்றார். பாராட்ட வேண்டிய வேலைதான்.

"செம்மண்ணு எங்கே போச்சு?"

"பெரும்பாலும் சூளைக்குங்க. அறுவது லோடு உங்க தம்பி ஊட்டு அஸ்திவாரத்துக்கு அடியில கொட்டுனதுங்க. ஏனுங்கய்யா, உங்களுக்குத் தெரியாதுங்களா?"

தோண்டச் சொன்னேன். அவர் வேண்டாம் என்பதுபோல் பார்த்தார். நான் தாளைக் காட்டினேன். முதல் அடி அப்பாவின் மண். அதற்குக் கீழே ஓட்டுச் சில்லு, சிமெண்டுக் கட்டி, ஒரு கழிவறையின் நீலப் பீங்கான் துண்டு, அப்புறம் சாம்பல் கலந்த வெள்ளை மண். பாட்டிலைத் திறந்து ஒரு சொட்டு விட்டேன். பால் பொங்குவதுபோல் பொங்கியது. காலையில் குழியில் ஊற்றிய தண்ணீர் மாலையில் நான் பஸ் ஏறும்போதும் ஊற்றின அளவிலேயே நின்றது. எழுத வேண்டியதை எல்லாம் எழுதிக்கொண்டேன். பழக்கம்.

அந்த வெள்ளை மண்ணைத் துணிப்பையில் போட்டுக்கொண்டு மறுநாள் காலையில் தம்பி வீட்டுக்குப் போனேன். நாலு படி ஏறி, செருப்பைக் கழற்றி, தரையில் கால் வைக்கும்போது அடியில் என்ன இருக்கிறது என்று தெரிந்து வைத்தேன். பையைப் பார்த்ததுமே அவனுக்குப் புரிந்துவிட்டது.

"தோண்டிப்போட்டீங்களாங்ணா?"

"பத்திரம்தான் ஆயிருச்சே. இனித் தோண்டலாம்னு நீதானே சொன்னே?"

அவன் உட்கார்ந்தான். "அப்ப ஒரு நெருக்கடிங்ணா."

"எங்கிட்டச் சொல்லியிருக்கலாம்."

"சொன்னா என்னங்ணா பண்ணியிருப்பீங்க? ஒரு நோட்டீசு குடுத்திருப்பீங்க."

தம்பியின் மனைவி கதவுக்கு அந்தப்பக்கம் நின்றாள். "மாமா, காப்பி ஆறுதுங்க" என்றாள். நான் காப்பியைத் தொடவில்லை.

"மண்ணை அள்ளினது போகட்டும். நீ காட்டிலயே இருந்தவன், உனக்கு ஒரு அவசரம், அள்ளிட்டே. ஆனா அதை எனக்குன்னு ஒதுக்கினே பாரு, அதைச் சொல்லு. நான் மரம் வைக்கணும்னு வந்து நின்னப்ப, வரும் வராதுன்னு ஒரு வார்த்தை உனக்கு வாயில வரலை."

"மேல் மண்ணைப் பத்திரமா எடுத்து வச்சுத்தானுங்ளே திருப்பிப் போட்டேன். சோளம் வருதே. நீங்க சோளம் போடலாமுங்ளே."

"சாணுக்குக் கீழே இரும்பு. அது யார் சொன்னது?"

அவன் துணிப்பையின் முடிச்சைத் திருகினான்.

"அப்பா சொன்னாரா, இல்லையா?"

"சொல்லியிருப்பாருங்ணா. அவரு எத்தனையோ சொன்னாரு." தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தான். "நீங்க இருந்தீங்களா கேக்கறதுக்கு?"

நான் எழுந்து நாலு படி இறங்கி வந்துவிட்டேன். பையை அவன் வீட்டிலேயே விட்டுவிட்டது பஸ்ஸில்தான் தெரிந்தது.

பிறகு ஊரில் நாலைந்து பெரியவர்களிடம் விசாரித்தேன். எங்கள் சர்ச் சபையில் அப்பா வயதுக்காரர் ஒருவரிடமும் கேட்டேன். சாண், இரும்பு, பாகம், எதையும் யாரும் கேள்விப்பட்டதில்லை. ஒருவர் மட்டும், "நல்லா இருக்குதே, எங்க ஊட்டுலயும் சொல்லி வெக்கிறேன்" என்றார்.

வழக்குப் போடலாம் என்றார்கள். அதன் ஒவ்வொரு படியும் எனக்குத் தெரியும்; அதனால்தான் போடவில்லை. நேரில் பார்வையிட்டுத் திருப்தி அடைந்தவன் நான். அதைவிட, எதிர்த்தரப்பு வக்கீல் அந்தப் பச்சைக் காகிதத்தை என் கையில் கொடுத்து, கடைசிப் பத்தியைப் படியுங்கள் என்று சொல்வதை என்னால் கற்பனை செய்ய முடிந்தது. மனைவி அதிகம் பேசவில்லை. ஒரே ஒருநாள், வெங்காயம் உரித்துக்கொண்டே சொன்னாள்: "கடப்பாரைதான கூடாதுன்னாரு. ஒரு மூங்கில் குச்சியக் குத்திப் பாத்திருக்கலாமுங்ளே." மூங்கிலுக்குத் தடை இல்லை. அது எனக்குத் தோன்றவில்லை.

கன்றுகள் வாசலில் நின்றன. குழியில் வைக்க முடியாவிட்டால் மேட்டில் வைக்கலாம் என்று ஒரு முறை உண்டு. நீர் வடியாத நிலத்தில் மண்ணைக் குவித்து இரண்டரை அடி உயர மேடு கட்டி, மேட்டின் தலையில் கன்றை வைத்து, சுற்றிலும் காய்ந்த இலையால் மூட வேண்டும். வேர் பெரும்பாலும் மேலேயே ஓடுகிற மரம். மேடு அகலமாக இருந்தால் சில வருடம் தாங்கும். இரண்டு ஆட்களை வைத்து, சில்லும் வெள்ளை மண்ணும் கலக்காமல் கிடைத்த மேல் மண்ணை மட்டும் வழித்துக் கூட்டினேன். பதினோரு மேட்டுக்குத்தான் வந்தது. பதினொன்றை வைத்தேன். மிச்சக் கன்றுகளை நாற்றுப்பண்ணைக்காரரே திரும்ப எடுத்துக்கொண்டார். ஒன்றைக்கூட மறுக்காமல் எடுத்துக்கொண்டதற்குக் காரணம், நான் பொறுக்கி எடுத்தவை எல்லாம் நல்ல கன்றுகள்.

இரண்டு வருடம் ஆகிறது. மலைக் கணவாயிலிருந்து வரும் காற்றில் இரண்டு சாய்ந்தன. நாலு, வேர் மேட்டைத் தாண்டிக் கீழே இறங்கியதும் செத்தன. ஐந்து நிற்கின்றன. இலை மஞ்சள், நரம்பு மட்டும் பச்சை. அப்படி ஓர் இலையை யாராவது கொண்டு வந்தால் அலுவலகத்தில் மண்ணைப் பார்க்காமலே சொல்லிவிடுவேன்: சுண்ணாம்பு.

ஐந்து மரம் இருந்தால் என்ன, ஐம்பது இருந்தால் என்ன. இந்த வயதில் நான் அதை வைத்துப் பிழைக்கப் போவதில்லை. என்னைத் தூங்கவிடாதது வேறு. அப்பா சொன்னதாக ஒரு விதியை, அளவோடும் விலக்கோடும், காப்பி குடிக்கிற நேரத்துக்குள் உண்டாக்கத் தெரிந்தவன் என் தம்பி. அப்படியானால் சவப்பெட்டிக்குப் பக்கத்திலிருந்து என்னைத் தனியாகக் கூட்டிக்கொண்டு போய் அவன் சொன்னது? பெரியவன் நாலு பேருக்கு உபயோகமான வேலையில் இருக்கிறான் என்பது? அழுதுகொண்டு வந்து நின்ற அண்ணனுக்கு எதையாவது கொடுக்க வேண்டும் என்று அப்போதே செய்ததா? அன்பாகத்தான் செய்திருப்பான். அன்பாகச் செய்ததா, நடந்ததா என்பதுதான் எனக்குத் தெரிய வேண்டும். அந்த அறையில் இருந்தவர்கள் அவர்கள் இரண்டு பேர். ஒருவர் இல்லை. மற்றவன் சொல்வதை எடுத்துக்கொள்ள முடியாது.

போன மாதம் தம்பி கணபதிக்கு வந்தான். இரண்டு வருடத்தில் முதல் தடவை. கரிசல் காட்டில் தென்னையின் ஓலை பழுக்கிறதாம். பதினைந்து நாளுக்கு முன்பே போனில் கேட்டிருந்தான். மண் எப்படி எடுக்க வேண்டும் என்று நான் ஒரு தாளில் எழுதித் தபாலில் அனுப்பியிருந்தேன். தவறாக எழுதியிருக்கலாம். வரப்போரம் எடு, எருக்குழிக்குப் பக்கத்தில் எடு என்று எழுதினால் அப்படியே செய்திருப்பான். எழுதும்போது அது ஞாபகம் வந்தது. சரியாகத்தான் எழுதினேன்.

மனைவி அவனுக்குத் தோசை சுட்டாள். லேத் பட்டறைக்குச் சாப்பாட்டு இடைவேளை. வீடு அமைதியாக இருந்தது. கேட்பதற்கு அதைவிட நல்ல நேரம் கிடைக்காது.

"தம்பி, அப்பா கடைசியில என்னைப் பத்திச் சொன்னதா அன்னைக்குச் சொன்னியே."

அவன் தோசையைப் பிய்த்தபடி நிமிர்ந்தான்.

"எதுங்ணா?"

நான் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அதில் எதுவும் இல்லை. மறைக்கிற முகமும் இல்லை. நிஜமாகவே எதைக் கேட்கிறேன் என்று அவனுக்குத் தெரியவில்லை.

"ஒண்ணுமில்லை. மண்ணு கொண்டாந்தியா?"

"கொண்டாந்தனுங்ணா." கையைக் கழுவிவிட்டு வந்து, மஞ்சள் பையிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து மேஜைமேல் வைத்தான். மூன்று துணிப்பைகள். முதல் அடி, இரண்டாம் அடி, மூன்றாம் அடி. நிழலில் உலர்த்தியது. கட்டி உடைத்துச் சலித்தது. ஒவ்வொன்றிலும் சீட்டு, பென்சிலால், அவன் கோணல் எழுத்தில்.

"மூணு அடிக்குமா தோண்டினே?"

"நீங்க எழுதியிருந்தீங்களேங்ணா. கரிசலு, காஞ்சு கெடந்துது. கடப்பாரையில ஒரு நாள் பூராத் தோண்டினேன். ஆள் வெக்கலீங்க, ஆள் சரியா எடுக்க மாட்டான்னு."

பைகளைப் பிரித்துப் பார்த்தேன். முப்பத்திரண்டு வருடத்தில் இவ்வளவு சரியாக எடுத்த மண் மாதிரி என் மேஜைக்கு வந்ததில்லை.